சிவனாண்டி செத்த கிழமை

மாட்டுங்கா லேபர் கேம்பில் சொர்ணம்மாள் என்று கேட்டால் கொஞ்சம் யோசிப்பார்கள். கோர்ட்டுக்காரி என்று கேட்டால் சின்னப்பிள்ளைகூட வீட்டைக் காட்டிவிடும். ஏழு வருஷம் சர்க்காரோடு மல்லுக்கட்டியவள். எதற்காக என்று கேட்டுவிட்டுப் புதுசாய் வந்தவர்கள் சிரிப்பார்கள். அவள் புருஷன் செத்தது செவ்வாய்க்கிழமையா, புதன்கிழமையா என்பதுதான் வழக்கு. சிரிக்கிறவர்கள் சிரித்துவிட்டுப் போகட்டும். அந்த ஒரு கிழமை வித்தியாசத்தில் அறுநூற்று முப்பது ரூபாய் இருந்தது. மகள் பூமாரி பள்ளிக்கூடத்தில் உட்காருவதா, ஆட்டுக்கல்லில் உட்காருவதா என்பது அந்த ரூபாயில் இருந்தது.

புருஷன் சிவனாண்டி நாங்குநேரிப் பக்கத்து ஆள். யுத்த காலத்தில் பம்பாய்க்கு ரயிலேறி, மத்திய சர்க்கார் ஒர்க்ஷாப் ஒன்றில் எடுபிடியாய்ச் சேர்ந்து, பிட்டர் என்று பேர் வாங்கியவன். பதினெட்டு வருஷத்தில் ஒரு மெமோ கிடையாது, ஒரு நாள் லேட் கிடையாது. சர்க்கார் உத்தியோகம் என்றால் அப்போது லேபர் கேம்பில் லேசுப்பட்ட விஷயமா? தாராவித் தோல் மண்டியில் கூலி வேலை பார்த்த தம்பி பூதத்தானுக்கு அண்ணன் உத்தியோகத்தைச் சொல்லித்தான் பெண்ணே கொடுத்தார்கள். அப்படிப்பட்டவன் ஐம்பத்தொன்பதாம் வருஷம் ஆனி மாதத்தில் நெஞ்சு வலிக்கிறது என்று படுத்தான், மூன்றாம் நாள் போய்விட்டான். நாற்பது வயசு முடியவில்லை. பூமாரிக்கு அப்போது ஆறு வயசு.

உயிர் போகும்போது பக்கத்தில் இருந்தவள் சொர்ணம்மாள் ஒருத்திதான். முதல் லோக்கல் ரயில் மாட்டுங்கா ஸ்டேஷனைத் தாண்டிப் போன சத்தம் கேட்டது. குழாயில் தண்ணீர் வந்துவிட்டது என்று வெளியே குடங்கள் உருண்டன. அதற்கு அப்புறம்தான் மூச்சு நின்றது. அவள் போட்ட கூப்பாட்டைக் கேட்டு, குழாயடியில் வரிசையில் நின்ற பக்கத்து வீட்டு ராபியா குடத்தை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தாள். மணி நாலரை இருக்கும். பொழுது விடிய இன்னும் ஒன்றரை மணி நேரம் கிடந்தது.

இங்கேதான் விஷயம் இருக்கிறது. நம் சனங்களுக்குச் சூரியன் கிளம்பினால்தான் அடுத்த நாள். நடுச்சாமத்தில் பன்னிரண்டு அடித்ததும் தேதி மாறுகிறது என்பதெல்லாம் ஆபீஸ்காரர்கள் சமாச்சாரம். விடியுமுன் பிறந்த பிள்ளைக்கும் முந்தின நாள்தான் கணக்கு, விடியுமுன் போன உயிருக்கும் முந்தின நாள்தான் கணக்கு. சயான் சுடுகாட்டில் எழுதிக்கொள்கிற குமாஸ்தா எப்போது என்கிறதை "கப்?" என்று ஹிந்தியில் கேட்டபோது, பூதத்தான் துளி யோசிக்காமல் "மங்கள்வார், ராத் கோ" என்றான், செவ்வாய் ராத்திரி என்று. குமாஸ்தா ஜூன் முப்பது என்று எழுதினார். பூதத்தான் பெருவிரலை மையில் தொட்டு வைத்தான். சொர்ணம்மாளைக் கேட்டிருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பாள். கருமாதிக்கு நாள் எண்ணியதும் செவ்வாயிலிருந்துதான். வருஷம் திரும்பியதும் ஆனி பதினாறாம் தேதி குளித்து முழுகி, விளக்கேற்றி, தலைவாழை இலை போட்டு, அவனுக்குப் பிடித்த நெய்மீன் கருவாட்டுக் குழம்பும் சோறும் வைத்தாள். வெற்றிலை பாக்கோடு ஒரு கட்டு பீடியும் வைத்தாள். அவன் வந்து சாப்பிட்டுப் போனான் என்று அவளுக்குச் சந்தேகமே இல்லை.

அந்த முதல் திதி முடிந்து இரண்டு மாதம் இருக்கும். வெயிலுமுத்து என்று ஒரு பெரியவர், ஏதோ ஒரு ஆபீசில் குமாஸ்தாவாய் இருந்து ரிட்டையரானவர், லேபர் கேம்ப்காரர்களுக்கு இங்கிலீஷில் மனு எழுதித் தருகிறவர், கையில் பேப்பரோடு வந்தார். சர்க்கார் சம்பளத்தை உயர்த்திவிட்டதாம். அதுவும் முன்தேதியிட்டு, போன வருஷம் ஜூலை ஒன்றாம் தேதியிலிருந்து. அன்றைக்கு உத்தியோகத்தில் இருந்தவன் அப்புறம் செத்திருந்தாலும், அவன் குடும்பத்துக்குப் புதுச் சம்பளக் கணக்கில் கிராஜுவிட்டி உண்டாம்.

"சிவனாண்டி ஒரு நாள் முந்திக்கிட்டான் பாத்துக்கோ, தாயி. சர்டிபிகேட்டுல முப்பது ஜூன்னுல்லா போட்டுருக்கு. புதன்கிழமை வரைக்கும் உசுரப் பிடிச்சிட்டு இருந்திருந்தாம்னா உனக்கு இன்னும் அறுநூறு ரூவா வந்திருக்கும்" என்றார் வெயிலுமுத்து.

"அண்ணாச்சி, கொஞ்ச நேரந்தான் இருந்துச்சு விடியதுக்கு. குழாயில தண்ணி வந்த பொறவுல்லா போனாவ!"

வெயிலுமுத்து கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளையே பார்த்தார். "அப்பம் அது இங்கிலீஷ் கணக்குக்கு ஜூலை ஒண்ணுல்லா? எந்த மடப்பய முப்பதுன்னு எழுதச் சொன்னான்?"

வாசலில் நின்ற பூதத்தான் அப்படியே குத்தவைத்து உட்கார்ந்துவிட்டான். அதற்கப்புறம் ஏழு வருஷம் அவன் மதினியின் முகத்தை நேருக்கு நேர் பார்த்துப் பேசியது கிடையாது. அவன் பேரில் என்ன தப்பு? அவன் சொன்ன நாளில் அந்தத் தேதிக்கு ஒரு காசு மதிப்பு கிடையாது. ஒரு வருஷம் கழித்து சர்க்கார் அதே தேதியில் கோடு கிழிக்கும் என்று சுடுகாட்டில் நிற்கிறவனுக்கு எப்படித் தெரியும்? இதை ஆயிரம் தடவை சொல்லியும் அவன் மனசு கேட்கவில்லை. வாரச் சம்பளத்தில் ஒரு ரூபாயைத் தனியே எடுத்துவைக்க ஆரம்பித்தான், மதினியின் வழக்குச் செலவுக்கு.

வெயிலுமுத்து மனு எழுதினார். ஒர்க்ஷாப்புக்கு எழுதினார். முதலில் பதிவைத் திருத்திக்கொண்டு வா என்று பதில் வந்தது. பதிவு ஆபீசுக்கு எழுதினார். தகவல் சொன்னவன் கைநாட்டு இருக்கிறது, கோர்ட் உத்தரவு இல்லாமல் திருத்த முடியாது என்று அங்கேயிருந்து பதில் வந்தது. டில்லிக்கு எழுதினார். தக்க நடவடிக்கைக்கு அனுப்பப்பட்டது என்று டில்லி சொல்லிற்று. அது திரும்பவும் ஒர்க்ஷாப்புக்கே வந்தது. ஒவ்வொரு மனுவிலும் "ஏழை விதவை, தங்கள் பாதம் பணிந்து" என்று இருக்கும். ஒவ்வொரு பதிலும் வர ஆறு மாதம், எட்டு மாதம். சர்க்கார் என்றைக்காவது பெரிய மனசு பண்ணும், கோர்ட்டுக்குப் போய் அதன் கோபத்தைச் சம்பாதிக்கக் கூடாது என்று வெயிலுமுத்து நம்பினார். அவர் நம்பினதால் சொர்ணம்மாளும் நம்பினாள். இப்படியே நாலரை வருஷம் போனது. நினைத்தால் வயிறு எரிகிறது.

அதற்குள் கிடைத்த பழைய கிராஜுவிட்டி கரைந்துபோயிற்று. மாட்டுங்காவில் ஒரு மெஸ்ஸுக்கு இட்லி மாவு ஆட்டிக் கொடுக்கிற வேலையை சொர்ணம்மாள் பிடித்துக்கொண்டாள். விடியற்காலையில் உட்கார்ந்தால் வெயில் ஏறுகிற வரைக்கும் ஆட்டுக்கல். வலது தோள் இறங்கிவிட்டது. தலைமுடியைத் தானே பின்னிக்கொள்ளக் கை எழாது, பூமாரிதான் பின்னிவிடுவாள். நானும் ஒரு ஈடு ஆட்டுகிறேன் என்று அந்தப் பிள்ளை குழவியைத் தொட்டால் மட்டும் சொர்ணம்மாளுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும்.

"கல்லைத் தொட்டே, கைய ஒடிச்சுப்புடுவேன். போ, போய்ப் புஸ்தகத்தை எடு. உங்கப்பா ரூவா வருது, நீ பெரிய பள்ளிக்கூடம் போற."

மெஸ் முதலாளி சொல்லித்தான் நம்பிராஜன் வக்கீல் கிடைத்தார். மாட்டுங்காவிலேயே பிறந்து வளர்ந்தவர், அந்த மெஸ்ஸில் சாப்பிடுகிறவர். கதையைக் கேட்டுவிட்டு, பீஸ் வேண்டாம் அம்மா, ஸ்டாம்புச் செலவு மட்டும் கொடுங்கள் என்றார். அறுபத்தைந்தில் கேஸ் போட்டார். இறந்த நாளும் உத்தியோகக் கணக்கில் சேரும், அதனால் விடியுமுன் போனாலும் ஜூலை ஒன்றில் அவர் உத்தியோகத்தில் இருந்தவர்தான் என்று விளக்கிச் சொன்னார். நல்ல மனுஷர்தான், இல்லை என்று யார் சொன்னது?

அறுபத்தாறு ஏப்ரலில் பூமாரி முனிசிபாலிட்டிப் பள்ளிக்கூடத்தில் ஏழாவது தேறினாள், மூன்றாவது ரேங்க். அதற்கு மேல் அங்கே கிடையாது. ஹைஸ்கூல் என்றால் பீஸ், புஸ்தகம், உடுப்பு. சொர்ணம்மாள் ஹைஸ்கூல் தலைமை ஆசிரியரிடம் போய் மடியேந்தாத குறையாக நின்றாள். அவர் மார்க் சீட்டைப் பார்த்தார். "அடுத்த வருஷம் ஜூன் வரைக்கும் இடம் வைத்திருக்கிறேன், அதற்குள் கேஸ் முடிந்துவிடுமா?" என்றார். முடிந்துவிடும் சாமி என்று சொல்லிவிட்டு வந்தாள்.

அறுபத்தாறு ஜூனிலேயே ஒருநாள் நம்பிராஜன் அவளைக் கூப்பிட்டு உட்காரவைத்து, கோர்ட்டில் என்னென்ன கேட்பார்கள் என்று சொல்லிக்கொடுத்தார். லோக்கல் சத்தம், தண்ணீர், ராபியா, எல்லாம் சரியாகச் சொன்னாள்.

"இன்னொண்ணு கேப்பாங்க. உங்க வீட்டுக்காரருக்கு வருஷத் திதி என்னிக்குக் குடுக்கறீங்க?"

"ஆனி பதினாறுல, சார்."

நம்பிராஜன் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். "அது ஜூன் முப்பது அம்மா. நீங்களே வருஷா வருஷம் முப்பதாம் தேதி கும்பிடறீங்க, அப்புறம் ஒண்ணாம் தேதிதான் இறந்தார்னு வந்து சொல்றீங்கன்னு கேப்பாங்க. கேஸ் அங்கயே முடிஞ்சுது."

"விடியலையே சார். நம்ம கணக்குக்கு அது பதினாறுதான?"

"நம்ம கணக்கு ஜட்ஜுக்குத் தெரியாது. பதினேழுன்னு சொல்லிடுங்க."

"சாமி சாட்சியாச் சொல்லச் சொல்லுவாவளே."

அவர் பேனாவை எடுத்து மூடினார். சொர்ணம்மாள் எழுந்து வந்துவிட்டாள். மூன்று நாள் அவளுக்குச் சோறு இறங்கவில்லை. வாழ்நாளில் கடைக்காரனிடம்கூட ஒரு பொய் சொல்லிப் பழக்கமில்லாதவள். நாலாம் நாள் பூதத்தானைக் கூப்பிட்டாள்.

"தம்பி, இந்த வருசம் பதினேழுல இலை போட்டுருவோம். போட்டுட்டா, கோர்ட்டுல பதினேழுன்னு சொன்னா பொய் ஆகாதுல்லா?"

பூதத்தான் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "அண்ணன் பதினாறுக்கே வந்து நிப்பானே, மதினி."

"நிக்கட்டும். பிள்ளைக்காக ஒரு நா நிக்கமாட்டாவளா?"

அப்படிச் சொல்லிவிட்டாளே தவிர, ஆனி பதினாறு வந்ததும் அவளால் தாங்க முடியவில்லை. மெஸ்ஸுக்கு ஆட்டவேண்டியது ஒரு ஈடு, அவள் இரண்டு ஈடு ஆட்டினாள். விளக்கேற்றவில்லை. மத்தியானம் வாசலில் யாரோ செருப்பைக் கழற்றுகிற சத்தம் கேட்டு எழுந்து ஓடினாள். பக்கத்து வீட்டுக்கு வந்த ஆள். திரும்பி வந்து உட்கார்ந்து வாய்விட்டு அழுதாள். பசியோடு வந்து நிற்கிற மனுஷனை வாசலில் நிற்கவைத்துவிட்டு நாளைக்கு வா என்று சொல்கிற பாவி நான் என்று சொல்லிச் சொல்லி அழுதாள். பூமாரி பக்கத்தில் உட்கார்ந்து அவள் தலையைப் பின்னிவிட்டாள். மறுநாள் இலை போட்டார்கள். குழம்பில் உப்பு கூடிப்போயிற்று. படைத்து எடுத்த சோற்றை அவள் ஒரு வாய்கூடத் தொடவில்லை.

ஆகஸ்டில் விசாரணை. வி.டி. ஸ்டேஷன் வரைக்கும் லோக்கலில் போய், அங்கேயிருந்து நடந்தார்கள். ராபியா ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வந்து, நாலு மணிக்குத் தண்ணீர் வந்ததையும் குடத்தைப் போட்டுவிட்டு ஓடினதையும் ஹிந்தியில் கணீரென்று சொன்னாள். பூதத்தான், எங்கள் பக்கத்தில் விடிந்தால்தான் நாள், அதனால் அப்படிச் சொன்னேன், நான்தான் சொன்னேன், என் வாய்தான் என்று அழுதுவிட்டான். பிறகு சொர்ணம்மாள் ஏறினாள். தமிழ் தெரிந்த ஒருவர் பக்கத்தில் நின்று அவள் சொன்னதை இங்கிலீஷில் சொன்னார். சர்க்கார் வக்கீல் அந்தக் கேள்வியைக் கேட்டார்.

"ஆனி பதினேழுல இலை போட்டேன்" என்றாள்.

எத்தனை வருஷமாக என்று இன்னும் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் உள்ளதைச் சொல்லியிருப்பாள். அவர் கேட்கவில்லை. போதும் என்று உட்கார்ந்துவிட்டார். அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள்.

தீர்ப்பு வர அடுத்த வருஷம் மார்ச் ஆயிற்று. உள்ளே இங்கிலீஷில் என்னவோ படித்தார்கள். வெளியே படிக்கட்டில் வைத்து நம்பிராஜன் சொன்னார்.

"ஜட்ஜ் உங்களை நம்பிட்டார் அம்மா. இந்தப் பெண்ணுக்குப் பொய் சொல்லத் தெரியாதுன்னே எழுதியிருக்கார். உங்க வீட்டுக்காரர் இறந்தது ஜூலை ஒண்ணாம் தேதி, புதன்கிழமை. கோர்ட்டே சொல்லிடுச்சு."

சொர்ணம்மாள் கோர்ட் கட்டடத்தைப் பார்த்து இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கிக் கும்பிட்டாள். தோள் வலி அப்போது தெரியவில்லை. பூதத்தான் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு விம்மினான். ஏழு வருஷத்தில் அன்றைக்குத்தான் அவன் நிமிர்ந்து மதினியைப் பார்த்தான்.

"ஆனா ரூபாய் கிடையாது" என்றார் நம்பிராஜன்.

இரண்டு பேருக்கும் விளங்கவில்லை. அவர் மெதுவாகச் சொன்னார். இந்த மாதிரிப் பாக்கிக்கு மூன்று வருஷத்துக்குள் கேஸ் போட்டிருக்க வேண்டும். மனு எழுதிக் காத்திருந்த வருஷங்களைச் சட்டம் கழித்துக்கொள்ளாது. பணம் நியாயமானதுதான், காலம் கடந்துவிட்டது, அதனால் தள்ளுபடி. அப்பீல் போகலாம், அதற்கு வேறே செலவாகும்.

சொர்ணம்மாள் படிக்கட்டிலேயே உட்கார்ந்தாள். பிறகு கேட்டாள்: "இது உங்களுக்கு முன்னாலயே தெரியுமா சார்?"

"சந்தேகம் இருந்தது. சர்க்கார்கிட்டேருந்து கடைசியா வந்த லெட்டர் தேதியிலேருந்து மூணு வருஷத்தை எண்ணி சமாளிச்சிடலாம்னு நெனச்சேன்."

"தெரிஞ்சுக்கிட்டேதான் அவிய நாளை மாத்தச் சொன்னீங்களா?"

நம்பிராஜன் கறுப்புக் கோட்டைக் கழற்றிக் கையில் போட்டுக்கொண்டு நின்றார். அவருக்கும் கண் கலங்கிற்று. கலங்கி என்ன பிரயோஜனம்? இவர்கள் இரண்டு பேரும் வி.டி.க்கு நடந்தார்கள். டிக்கெட்டுக்குக் காசு எடுத்துக் கொடுத்தான் பூதத்தான்.

ஜூன் வந்தது. தலைமை ஆசிரியர் ஒரு வாரம் கூடுதலாகவே பார்த்துவிட்டு, அந்த இடத்தை வேறொரு பிள்ளைக்குக் கொடுத்தார். மெஸ்காரர் மாவு கூடுதலாய் வேண்டும் என்று இரண்டாவது ஆட்டுக்கல் ஒன்றை இறக்கிக் கொடுத்தார். முதல் நாள் பூமாரி தானாகவே பாவாடையைச் செருகிக்கொண்டு அதில் உட்கார்ந்தாள். சொர்ணம்மாள் பார்த்தாள். கையை ஒடிப்பேன் என்று சொல்லவில்லை. அரிசியை அள்ளிக் குழிக்குள் போட்டாள்.

ஆனி பிறந்து பத்து நாள் இருக்கும். தோல் மண்டியில் லீவு சொல்லவேண்டும் என்று பூதத்தான் கேட்க வந்தான்.

"மதினி, இந்த வருசம் என்னைக்கு? பதினாறா, பதினேழா?"

குழவி நின்றது. சொர்ணம்மாள் மாவுக் கையோடு அவனைப் பார்த்தாள்.

"பதினாறுன்னு வச்சா, சாமி சாட்சியா நான் கோர்ட்டுல சொன்னது பொய்யாப் போச்சு. பதினேழுன்னு வச்சா, ஆறு வருசமா நான் போட்ட இலையில அவிய வந்து உக்காரவே இல்லைன்னு ஆகும். நான் எதைச் சொல்லட்டும் தம்பி?"

பூதத்தான் தலையைச் சொறிந்தான். அவனால் முடிந்த சமாதானத்தைச் சொன்னான். "ரெண்டு நாளும் வச்சிருவோம், மதினி."

"அந்த மனுசனை ரெண்டு தடவையா சாகச் சொல்லுத?" என்றாள் அவள்.

அதற்குமேல் அவன் கேட்கவில்லை. லீவும் சொல்லவில்லை. அந்த வருஷம் ஆனி பதினாறும் வந்தது, பதினேழும் வந்தது. இரண்டு நாளும் தாயும் மகளும் மெஸ்ஸுக்கு மாவாட்டினார்கள்.